கடன் அன்பை வளர்க்கும்!

பெட்டிக்கடைகளில் ஒரு போர்டு தொங்கும், பார்த்திருப்பீர்கள். 'கடன் அன்பை முறிக்கும்.' கொஞ்சம் வசதியான கடையென்றால் கண்ணாடி ஃப்ரேமுக்குள் இருக்கும். பக்கத்தில் சாமி படம், ஊதுபத்தி. கடைக்காரர் குசும்பு பிடித்தவராக இருந்தால் 'இன்று ரொக்கம், நாளை கடன்' என்று எழுதி வைத்திருப்பார். (நாளைக்குப் போனாலும் அதேதான் எழுதியிருக்கும்!)

இப்போது அந்த போர்டெல்லாம் அநேகமாகக் காணோம். அந்த இடத்தில் பூச்சி அரித்த மாதிரி ஒரு கறுப்பு வெள்ளைச் சதுரம். போனைக் காட்டினால் ஒரு சின்னப் பெட்டி, 'பதினைந்து ரூபாய் பெறப்பட்டது' என்று தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்துகிறது. கடைக்காரர் நிமிர்ந்து பார்க்க வேண்டியதில்லை. நீங்களும்தான். டீ குடித்தாயிற்று, காசு போயிற்று, யாரும் யாருடனும் ஒரு வார்த்தை பேசவில்லை. சுபம்.

நான் பி.காம். அதுவும் ஒரே மூச்சில் பாஸ் செய்தவன். கடன் பற்றிப் பேச எனக்குக் கொஞ்சம் அருகதை உண்டு என்ற தைரியத்தில் சொல்கிறேன். அந்த போர்டு சொன்னது சுத்தப் பொய். கடைக்காரருக்கே அது தெரியும். ஏனென்றால் போர்டுக்கு நேர் கீழே, கல்லாவுக்குப் பக்கத்தில், நூல் கட்டின நோட்டு ஒன்று இருக்குமே, அது என்ன ஸ்ரீராமஜெயம் எழுதவா?

பட்டுக்கோட்டையில் எங்கள் தெருமுனையில் பாய் கடை. மாதம் முழுக்க நோட்டில் எழுதி வாங்குவோம். ஒண்ணாம் தேதி அப்பா போய்க் கணக்குப் பார்ப்பார். 1,912 ரூபாய் என்றால் 1,900 கொடுத்துவிட்டு, "பன்னெண்டு ரூபா நிக்கட்டும் பாய், அடுத்த மாசம் சேர்த்துக்கலாம்" என்பார். கையில் பன்னிரண்டு ரூபாய் இல்லாமலா? இருக்கும். ஆனாலும் நிற்கும். பாயும் "அதுக்கென்ன ஸார்" என்று அந்தப் பன்னிரண்டை அடுத்த பக்கத்தில் முதல் வரியாக எழுதுவார்.

ஒரு தடவை, போனஸ் வந்த மாதமோ என்னவோ, அப்பா பைசா பாக்கியில்லாமல் தீர்த்துவிட்டார். பாய் முகம் சுண்டிப்போனது.

"என்ன ஸார்... வேற கடை பாத்துட்டீங்களா?"

கடன் தீர்ந்ததற்கு வருத்தப்பட்ட ஒரே கடன்காரரை நான் அன்றுதான் பார்த்தேன். எனக்கு அப்போது பத்து வயது. சிரிப்பாக இருந்தது. இப்போது அதை நினைத்தால் சிரிப்பு வருவதில்லை.

*

அக்கவுண்டன்ஸியில் முதல் பாடமே தனியார் கணக்குதான். 'பெறுபவரைப் பற்று வை, தருபவரை வரவு வை.' இரட்டைப் பதிவு முறையை முதன்முதலாக விளக்கமாக எழுதி அச்சில் கொண்டுவந்தவர் லூகா பாசியோலி என்ற இத்தாலிக்காரர். 1494-ல், வெனிஸில். இதில் வேடிக்கை, அவர் ஒரு துறவி! கணக்கு வழக்கே வேண்டாமென்று போனவர்தான் உலகத்துக்குக் கணக்கு எழுதக் கற்றுக்கொடுத்தார்.

அந்தப் பாடத்தில் இன்னொன்றும் உண்டு. ஒருவர் பெயரில் கணக்கு இருக்கிறது என்றால் அவருக்கும் உங்களுக்கும் ஏதோ ஓடிக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். இரண்டு பக்கமும் சமமாகி, மிச்சம் பூஜ்யமானால்? கீழே இரட்டைக் கோடு போட்டு மூட வேண்டியதுதான்.

நாம் இப்போது தினமும் மூடிக்கொண்டிருப்பது அந்தக் கணக்குகளைத்தான்.

ஐந்து பேர் சேர்ந்து மத்தியானம் பிரியாணி சாப்பிடப் போகிறீர்கள். பில் 1,237 ரூபாய். ஒருவர் கட்டுகிறார். கை கழுவிவிட்டு வருவதற்குள் குரூப்பில் மெஸேஜ். 'தலைக்கு 247.40.' அடுத்த நிமிடம் நான்கு பேரிடமிருந்தும் 247 ரூபாய் 40 பைசா போய்ச் சேர்ந்துவிடுகிறது. நாற்பது பைசா! நாற்பது பைசாவைக் கையில் கொடுத்தால் யாராவது வாங்குவார்களா?

முன்பு இதுவே எப்படி? "நீ குடு மச்சி, அப்புறம் பாத்துக்கலாம்." இந்த 'அப்புறம்' இருக்கிறதே, அதில்தான் விஷயம். அப்புறம் என்றால் இன்னொரு நாள் பார்க்கப் போகிறோம் என்று அர்த்தம். "போன வாரம் நான்தான் குடுத்தேன்", "டேய், அதுக்கு முந்தின வாரம் யாருடா குடுத்தது?" என்று சண்டை போடலாம். அந்தச் சண்டைக்காகவாவது மறுபடி சேர்ந்து சாப்பிட வேண்டும். இன்றைக்கு அந்த 'அப்புறம்' ஒரு நிமிடத்தில் முடிந்துவிடுகிறது.

யு.பி.ஐ. வந்தது 2016-ல். 2023 ஆகஸ்ட்டில் ஒரே மாதத்தில் 1,000 கோடிப் பரிவர்த்தனையைத் தாண்டியது. பெரிய சாதனை, சந்தேகமில்லை. சில்லறைக்குப் பதில் சாக்லெட்டைத் திணித்த கொடுமையிலிருந்து நம்மைக் காப்பாற்றிய புண்ணியவான்கள். நான் குறை சொல்லவில்லை. ஆனால் அந்த ஆயிரம் கோடியில் எத்தனை, இரண்டு பேர் நடுவே நின்றிருக்க வேண்டிய பன்னிரண்டு ரூபாய்?

*

பணம் மட்டும் என்றில்லை. உறைமோர் ஞாபகமிருக்கிறதா?

"ஆன்ட்டி, அம்மா ஒரு கரண்டி உறைமோர் வாங்கிட்டு வரச் சொன்னாங்க." இந்த வசனத்தை நான் எத்தனை ராத்திரி எத்தனை வாசலில் சொல்லியிருப்பேன்! நம் வீட்டு மோர் எதிர்வீட்டுப் பாலைத் தயிராக்கும். அவர்கள் வீட்டு மோர் கோடி வீட்டுக்குப் போகும். நம் வீட்டில் தீர்ந்துபோனால் அங்கிருந்து திரும்பி வரும். யோசித்துப் பார்த்தால் தெரு முழுக்க ஓடிக்கொண்டிருந்தது ஒரே தயிர்தான்!

கிண்ணத்தைத் திருப்பிக் கொடுப்பதற்கு ஒரு சட்டம் இருந்தது. வெறும் கிண்ணமாகக் கொடுக்கக் கூடாது. இரண்டு முறுக்கோ, கொஞ்சம் சுண்டலோ, ஒன்றுமே இல்லாவிட்டால் ஒரு சிட்டிகை சர்க்கரையாவது போட்டுத்தான் கொடுக்க வேண்டும். இப்போது அவர்கள் நமக்கு ஏதோ கொடுத்தாக வேண்டும். கிண்ணத்துக்கு ஓய்வே கிடையாது.

இப்போது பத்து நிமிடத்தில் தயிர் வருகிறது. பாக்கெட்டில். கொண்டுவருகிற பையன் மூச்சிரைக்கப் படியேறி, கதவில் மாட்டிவிட்டு, போட்டோ எடுத்துக்கொண்டு போய்விடுகிறான். தயிரை போட்டோ எடுக்கிறான், நம் முகத்தைப் பார்ப்பதில்லை. பாவம், அவனுக்கு அடுத்த வீட்டுக்குப் பத்து நிமிடம்தான்.

அந்தக் காலமே சொர்க்கம் என்று நான் சொல்ல வரவில்லை. உறைமோர் கொடுத்த அதே ஆன்ட்டிதான், "இன்னுமா உங்க அக்காவுக்கு வரன் அமையலை?" என்று வாரா வாரம் அம்மாவை அழவைத்தவர். ஒரு கரண்டி மோருக்கு அது அதிக வட்டி. இன்னொன்று, அந்தக் கிண்ணம் எங்கள் தெருவைத் தாண்டியதே இல்லை. அடுத்த தெருவிலிருந்து யாரும் எங்கள் வாசலில் வந்து கிண்ணத்தை நீட்டியதில்லை. நீட்ட விட்டதும் இல்லை. ஏன் என்று உங்களுக்குத் தெரியும். அந்தத் தெருக்காரர்களுக்கு, 'நீ யார்' என்று கேட்காமல் தயிர் கொடுக்கிற பத்து நிமிடக் கடை ஒரு விடுதலைதான். அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

ஆனால் கேள்வி கேட்கிறவர்களிடமிருந்து தப்பிக்கப் போய், விசாரிக்கிறவர்களையும் சேர்த்துத் தொலைத்துவிட்டோமோ என்றுதான் எனக்கு உதைக்கிறது.

*

எங்கள் பக்கம் இந்தக் கணக்கை ஒரு கலையாகவே செய்வார்கள். ஆடி மாதம் பிறந்தால் பேராவூரணி, கீரமங்கலம் வட்டாரத்தில் மொய் விருந்து. கல்யாணம் கிடையாது, காதுகுத்து கிடையாது. விருந்தே மொய்க்காகத்தான். பந்தல் போட்டு, ஆட்டுக்கறி சமைத்து, கூப்பிட்டு உட்காரவைத்துச் சோறு போடுவார்கள். சாப்பிட்டு எழுந்தால் வரிசையாக மொய் எழுதுகிற மேஜைகள். சேர்கிற பணத்தில் ஒருவர் போர்வெல் போடுவார், ஒருவர் மகளைப் படிக்கவைப்பார். மொய் நோட்டைப் பத்திரத்தோடு பத்திரமாகப் பீரோவில் வைத்துப் பூட்டுவார்கள்.

இதில் ஒரு நுணுக்கம். ஆயிரம் ரூபாய் வாங்கியவர் திருப்பிச் செய்யும்போது ஆயிரமே செய்யக் கூடாது. கூடப் போட்டுச் செய்ய வேண்டும். அப்போதுதான் அந்தக் கூடுதல் பணம் எதிராளியின் நோட்டில் கடனாக ஏறும். வாங்கினதை மட்டும் அப்படியே செய்துவிட்டு வந்தால், 'இதோடு சரி' என்று அர்த்தம். (மொய்க்காகக் கடன் வாங்கித் திண்டாடுகிறவர்களும் உண்டு. எந்தக் கலையிலும் அளவு தாண்டினால் ஆபத்துதான்.)

இது நம் தஞ்சாவூர், புதுக்கோட்டைக்காரர்களின் மூளை என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டிருந்தேன். டேவிட் கிரேபர் என்ற மானுடவியல் பேராசிரியர் கடனின் வரலாற்றை 2011-ல் ஒரு தடித்த புத்தகமாக எழுதினார். அதில் நைஜீரியாவின் டிவ் மக்களைப் பற்றி ஒரு கதை வருகிறது. லாரா பொஹானன் என்ற பெண் ஆய்வாளர் அவர்கள் கிராமத்தில் போய்த் தங்குகிறார். அக்கம்பக்கத்துப் பெண்கள் தக்காளி, வேர்க்கடலை, கோழி என்று எதையாவது கொண்டுவந்து கொடுக்கிறார்கள். இவருக்கு ஒன்றும் புரியவில்லை. பிறகு இரண்டு பெண்கள் உட்காரவைத்து விளக்குகிறார்கள். எதையும் திருப்பிக் கொடுக்காவிட்டால் நீ சுரண்டல்காரி. சரிக்குச் சரியாகக் கொடுத்தால் உறவே வேண்டாம் என்று அர்த்தம். அதனால் கொஞ்சம் கூடவோ கொஞ்சம் குறையவோ கொடு!

பட்டுக்கோட்டை பாய்க்கும் நைஜீரியப் பெண்களுக்கும் ஒருவரையொருவர் தெரிய வாய்ப்பே இல்லை. ஆனால் ஒரே பாடத்தைத்தான் படித்திருக்கிறார்கள்.

*

சென்னைக்கு வந்த புதிதில் நான் திருவல்லிக்கேணியில் ஒரு மேன்ஷனில் இருந்தேன். பத்துக்குப் பத்து ரூமில் மூன்று பேர். இஸ்திரிப் பெட்டி முதல் மாடியில் ஒருவருடையது. பக்கெட் எதிர் ரூம்காரருடையது. எங்கள் மாடிக்கென்று ஓர் இளநீல முழுக்கைச் சட்டை இருந்தது. யார் வாங்கியது என்பது யாருக்கும் ஞாபகமில்லை. யாருக்கு இன்டர்வியூ என்றாலும் அதுதான் போகும். குண்டாக இருந்தவனுக்குப் பட்டன் போடவராது. மூச்சைப் பிடித்துக்கொண்டு பதில் சொல்லிவிட்டு வருவான். எனக்குத் தெரிந்து அந்தச் சட்டை ஐந்து வேலை வாங்கியது!

அந்த மேன்ஷன் நண்பர்களில் ஒருவன் மதுரைக்காரன். (பெயர் வேண்டாம், கோபித்துக்கொள்வான்.) இப்போது நல்ல வேலை. வேளச்சேரியில் இரண்டு பெட்ரூம் ஃபிளாட்டில் தனியாக இருக்கிறான். இளநீலத்தில் மட்டுமே நாலு சட்டை வைத்திருக்கிறான். போன வருடம் அவனுக்கு வயிற்றில் தொந்தரவு. டாக்டர் எண்டோஸ்கோப்பி எடுக்கச் சொல்லியிருக்கிறார். ஒரு புதன்கிழமை காலையில் வெறும் வயிற்றோடு பைக் டாக்ஸி பிடித்துப் போயிருக்கிறான்.

கவுன்ட்டரில் எல்லாம் ஆன்லைனிலேயே முடிந்துவிட்டது. கடைசியாக நர்ஸ் கேட்டிருக்கிறார்.

"கூட வந்தவங்க யாரு ஸார்?"

"நான் மட்டும்தான்."

"மயக்க மருந்து குடுப்போம் ஸார். அட்டெண்டர் கையெழுத்து வேணும். முடிஞ்சதும் அவங்ககூடத்தான் அனுப்புவோம்."

இவன் ஓரமாகப் போய் நின்று போனை எடுத்திருக்கிறான். எண்ணூறுக்கு மேல் பெயர்கள். அ-விலிருந்து ஆரம்பித்துத் தள்ளிக்கொண்டே போயிருக்கிறான். 'இவன் ஆபீஸ்ல இருப்பான். இவன்கூடப் பேசி ரெண்டு வருஷம் ஆச்சு, திடீர்னு எப்படிக் கூப்பிடறது? இவனுக்குக் குழந்தை பொறந்திருக்கு. இவன் மேனேஜர்.' கடைசிப் பெயர்வரை போய்விட்டான். ஒருவரையும் கூப்பிடவில்லை. வாசலுக்குப் போனால் கொண்டுவந்து விட்ட பைக் டாக்ஸிக்காரர் இன்னும் கிளம்பாமல் எதிரில் டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"அண்ணே, ஒரு ரெண்டு மணி நேரம் இருக்க முடியுமா? என்ன ஆகுமோ குடுத்துடறேன்."

அவர் வந்தார். ஃபாரத்தில் 'உறவுமுறை' என்று ஒரு கட்டம். பேனாவை வைத்துக்கொண்டு கொஞ்சம் யோசித்துவிட்டு, 'நண்பர்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறார். வெளியே வந்ததும் கைத்தாங்கலாக ஆட்டோவில் ஏற்றி, தன் வண்டியில் பின்னாலேயே வந்து, வீட்டுக்குள் விட்டுவிட்டுத்தான் போயிருக்கிறார். இவன் ஐந்நூறு ரூபாய் அனுப்பினான். அவரும் வாங்கிக்கொண்டார்.

இதெல்லாம் எனக்கு மூன்று மாதம் கழித்துத்தான் தெரியும். டீக்கடையில் நின்று, ஏதோ ஜோக் மாதிரி சொன்னான். எனக்கு டீ இறங்கவில்லை.

"ஏன்டா, என்னைக் கூப்பிட என்ன?"

"இல்ல மாப்ள... உனக்குக் குடும்பம் இருக்கு. எதுக்குத் தொந்தரவுன்னு..."

"அந்த அண்ணனுக்கு மட்டும் தொந்தரவு இல்லையா?"

"அவருக்குத்தான் காசு குடுத்துட்டேன்ல."

நானோ ஃப்ரீலான்ஸ். புதன்கிழமை காலையில் என்ன செய்துகொண்டிருந்திருப்பேன்? சீலிங் ஃபேனைப் பார்த்துக்கொண்டிருந்திருப்பேன். ஆறு கிலோமீட்டர் தூரத்தில்.

"ரிப்போர்ட்ல ஒண்ணுமில்ல மாப்ள, சாதாரண அல்சர்தான்" என்றான். கொஞ்ச நேரம் கழித்து, "மறுநாள் அந்த அண்ணன் போன் பண்ணார்டா. 'தம்பி, வயிறு எப்படி இருக்கு, சாப்ட்டியா'ன்னு. வச்சுட்டு படிக்கட்டுலயே உக்காந்துட்டேன்" என்றான்.

ஐந்நூறு ரூபாய்க்கு அந்தப் போன் சேர்த்தியில்லை. அதனால்தான் இவன் உட்கார்ந்துவிட்டான்.

*

இது ஏதோ வேளச்சேரி விவகாரம் என்று நினைக்காதீர்கள். உலக சுகாதார நிறுவனம் 2025-ல் ஓர் அறிக்கை வெளியிட்டது. உலகத்தில் ஆறில் ஒருவர் தனிமையால் பாதிக்கப்பட்டிருக்கிறார். தனிமையோடு தொடர்புள்ள மரணங்கள் மணிக்குச் சுமார் 100. தாத்தா பாட்டிகள் சமாச்சாரம் என்றுதான் நாம் நினைப்போம். ஆனால் பதின்வயதினரும் இளைஞர்களும்தான் இதில் முன்வரிசையில் நிற்கிறார்கள்.

இங்கிலாந்து 2018-லேயே தனிமைக்கென்று ஓர் அமைச்சரை நியமித்தது. ஜப்பான் 2021-ல் நியமித்தது. (நம்மூரிலும் வைக்கலாம். ஆனால் அமைச்சரைச் சுற்றி எந்நேரமும் நாற்பது பேர் நிற்பார்களே, அவருக்கு இந்தப் பிரச்னை எப்படிப் புரியும்?) நெதர்லாந்தில் ஒரு சூப்பர் மார்க்கெட் 2019-ல் அரட்டை கவுன்ட்டர் ஒன்று திறந்தது. அவசரமில்லாதவர்கள் அந்த வரிசையில் நிற்கலாம். பில் போடுகிறவர் நிதானமாகப் பேசிப் பேசிப் போடுவார். வரவேற்பு அமோகம்; 200 கடைகளுக்கு விரிவுபடுத்தப்போவதாக அறிவித்தார்கள். பாய் கடையில் நாம் சும்மா வாங்கிக்கொண்டிருந்ததை அங்கே திட்டம் போட்டுத் தர வேண்டியிருக்கிறது.

சரி, அமைச்சர் வரும்வரை நாம் என்ன செய்வது?

'நண்பர்களோடு மனம் விட்டுப் பேசுங்கள்' என்று எல்லாரும் சொல்கிறார்கள். ஆண்களிடம் போய் இதைச் சொன்னால் நடக்கிற காரியமா? "மச்சி, எனக்குத் தனிமையா இருக்குடா" என்று யாராவது சொன்னால், "என்ன, சரக்கு ஏத்திட்டியா?" என்றுதான் பதில் வரும். மனதை விடுவது கஷ்டம். ஒரு ஸ்க்ரூ டிரைவர் கேட்பது சுலபம்.

அமெரிக்காவின் பெஞ்சமின் ஃபிராங்க்ளினுக்கு இது தெரிந்திருந்தது. 1730-களில் பென்சில்வேனியா சட்டசபையில் அவர் குமாஸ்தாவாக இருந்தார். புதிதாக வந்த உறுப்பினர் ஒருவருக்கு இவரைக் கண்டாலே ஆகாது. ஃபிராங்க்ளின் போய்க் காக்கா பிடிக்கவில்லை. அவரிடம் ஓர் அபூர்வமான புத்தகம் இருக்கிறது என்று கேள்விப்பட்டு, 'சில நாள் இரவல் தர முடியுமா?' என்று சீட்டு அனுப்பினார். புத்தகம் வந்தது. ஒரு வாரத்தில் நன்றி எழுதித் திருப்பி அனுப்பினார். அடுத்த தடவை பார்த்தபோது அந்த மனிதர் தானாக வந்து பேசினார். சாகும்வரை நண்பராக இருந்தார். ஃபிராங்க்ளினே சுயசரிதையில் எழுதியிருக்கிறார்.

இதை 1969-ல் ஜெக்கர், லாண்டி என்ற இரண்டு ஆய்வாளர்கள் சோதித்தும் பார்த்தார்கள். ஒரு போட்டியில் ஜெயித்துப் பரிசு வாங்கியவர்களில் சிலரிடம், 'இது என் சொந்தக் காசு, தயவுசெய்து திருப்பிக் கொடுக்க முடியுமா?' என்று போட்டி நடத்தியவர் கேட்டார். பரிசை அப்படியே எடுத்துக்கொண்டு போனவர்களைவிட, கேட்டுத் திருப்பிக் கொடுத்தவர்களுக்குத்தான் அந்த ஆசாமியை அதிகம் பிடித்திருந்தது!

நாம் நினைப்பதற்கு நேர் எதிர், பார்த்தீர்களா? உதவி கேட்டால் பாரமாகிவிடுவோம் என்று பயப்படுகிறோம். கேட்டவனைத்தான் ஜனங்களுக்குப் பிடிக்கிறது. நம்மிடம் ஒருவர் வந்து ஒரு பொருளைக் கேட்கிறார் என்றால், நாமும் ஓர் ஆள் என்று மதித்துத்தானே கேட்கிறார்! 'தொந்தரவு வேண்டாம்' என்று நாம் ஒதுங்கும்போது எதிராளிக்கு மிச்சமாவது இரண்டு மணி நேரம். பறிபோவது அந்த மதிப்பு. மதுரைக்காரன் மிச்சம் பிடித்துக் கொடுத்த அந்தப் புதன்கிழமையை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?

அதற்காக நாளைக்கே போய் ஐம்பதாயிரம் கேட்காதீர்கள். கடைக்காரரின் போர்டு அந்த மாதிரி கடனுக்குப் பொருந்தும். நான் சொல்வது சில்லறைக் கடன். கடையில் கிடைக்கிற பொருளாகத்தான் இருக்க வேண்டும். குடை, ஏணி, சார்ஜர், ஒரு கரண்டி உறைமோர். பிரியாணிக்கு நீங்கள் கட்டினால் 247.40 என்று குரூப்பில் போடாதீர்கள். "அப்புறம் பாத்துக்கலாம்" என்று சொல்லிப் பாருங்கள். நான்கு பேரும் திடுக்கிடுவார்கள். திடுக்கிடட்டும். ஆஸ்பத்திரிக்குப் போகிற அன்றைக்கு முதல்முதலாக ஒருவரைக் கூப்பிட யாருக்குமே நாக்கு எழாது. அதற்கு முன்னால் நாலு தடவை குடை வாங்கியிருக்க வேண்டும்.

ஊருக்கு உபதேசம் செய்தால் போதுமா? போன ஞாயிற்றுக்கிழமை சுவரில் ஆணி அடிக்க வேண்டியிருந்தது. சுத்தியல் இல்லை. ஆர்டர் பண்ணப்போன விரலை நிறுத்திவிட்டு எதிர் ஃபிளாட் காலிங் பெல்லை அழுத்தினேன். இரண்டு வருடமாக எதிரெதிரே இருக்கிறோம். அவருடைய செருப்பு எனக்கு நல்ல பழக்கம். முகம்தான் அவ்வளவாகத் தெரியாது.

கதவு பாதி திறந்தது. பாதி முகம் தெரிந்தது. கை மட்டும் முழுசாக வெளியே வந்தது.

"ஓ.டி.பி. சொல்லட்டுமா?"

"இல்ல ஸார், எதிர்வீடு. ஒரு சுத்தியல் கிடைக்குமா?"

அரை நிமிடம் என்னைப் பார்த்தார். உள்ளே போனார். பரணில் எதையோ உருட்டுகிற சத்தம். சுத்தியலோடு வந்தவர், "ஆணி இருக்கா?" என்று கேட்டு நாலு ஆணியும் கொடுத்தார். பிறகு, "இந்தச் சுவர் சட்டுனு உதிரும் ஸார், இருங்க, நான் வர்றேன்" என்று லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்துவிட்டார். ஆணி அடிக்க இரண்டு நிமிடம் ஆனது. அவர் கிளம்ப ஒரு மணி நேரம் ஆனது. சொந்த ஊர் தேனியாம். மனைவி, குழந்தையெல்லாம் அங்கேயாம்.

அன்று சாயங்காலம் சுத்தியலைத் திருப்பிக் கொடுக்கக் கிளம்பினேன். "வெறும் சுத்தியலாவா?" என்று என் மனைவி தடுத்து, ஒரு எவர்சில்வர் தட்டில் ஆறு வாழைக்காய் பஜ்ஜி வைத்துக் கொடுத்தாள்.

தட்டு இன்னும் திரும்பி வரவில்லை. கேட்கப் போவதில்லை.